பனந்துண்டுக்கு அந்தப் பக்கத்து ஓட்டு

எங்கள் தொகுதிக்கு என்றைக்காவது யாராவது சரித்திரம் எழுதினால், யார் ஜெயித்தார், யாருக்கு டெபாசிட் போயிற்று, எந்தச் சுவரை எந்தக் கட்சி பிடித்தது என்றெல்லாம் அதில் இருக்கும். இருக்கட்டும், நன்றாக எழுதட்டும். எனக்குத் தெரிந்த சரித்திரம் அதில் வராது. ஒரு சாக்கடை ஓடைக்குக் குறுக்கே போட்டிருந்த பனந்துண்டின் முன்னால், புடவைக் கொசுவத்தைத் தூக்கிப் பிடித்தபடி நான் நின்ற ஒரு மத்தியானம் அது. எழுபதைத் தாண்டிவிட்ட இந்த வயதிலும் அதை நினைத்தால் எனக்கு முகம் சுடுகிறது.

அறுபதுகளின் கடைசியில் கல்யாணமாகி மயிலாப்பூரில் ஒரு ஒண்டுக்குடித்தன வீட்டுக்கு மருமகளாக வந்தேன். இரண்டே வருடத்தில் இடம் போதாமல் குடும்பம் அடையாறுக்கு மாறியது. மாமனாருக்கு அது நாடு கடத்தல். "பாலத்தைத் தாண்டிட்டா மெட்ராஸ் முடிஞ்சுடுத்து. இங்கே எவனுக்கு ஓட்டுப் போட்டு என்ன ஆகப்போறது?" என்பார். தன் ஓட்டை மயிலாப்பூர் பட்டியலிலிருந்து எடுக்க விடவே இல்லை. தேர்தல் நாளில் காலையில் குளித்து, நெற்றிக்கு இட்டுக்கொண்டு, பஸ் ஏறி மயிலாப்பூருக்குப் போய் ஓட்டுப் போட்டுவிட்டு, குளத்தங்கரையில் நாலு பேரோடு வம்பு பேசி, சாயங்காலம் திரும்புவார். ஓட்டுப் போட்டது போலவே இருக்காது, கட்டிக்கொடுத்த பெண்ணைப் பார்த்துவிட்டு வந்த அப்பா மாதிரி இருக்கும்.

அவர் சொன்னதிலும் உண்மை இல்லாமல் இல்லை. நாங்கள் வந்த புதிதில் எங்கள் தொகுதி நகரமா கிராமமா என்று அதற்கே தெரியாது. இந்தக் கோடியில் பங்களாக்கள், நடுவில் சவுக்குத் தோப்பு, அந்தக் கோடியில் ஏரி, வயல். வேட்பாளர் ஜீப்பில் கும்பிட்டபடி எங்கள் தெருவுக்குள் வரும்போதே செம்மண் புழுதியில் அவர் வேட்டி காவியாகி இருக்கும். ரிக்‌ஷாவில் ஒலிபெருக்கி கட்டிக்கொண்டு ஒருத்தன் கத்திக்கொண்டு போனால், அதற்குப் பதில் சொல்ல மாடுகள்தான் இருந்தன. அப்புறம் வீடுகள் வந்தன, வந்துகொண்டே இருந்தன. எழுபதுகளின் நடுவில் தொகுதிகளை எல்லாம் கலைத்துப் புதிதாக எல்லை போட்டார்கள். எங்கேயோ உட்கார்ந்து யாரோ வரைபடத்தில் கோடு கிழித்தார். எங்கள் பக்கத்தில் அந்தக் கோடு உப்புக் கால்வாயின் மேல் விழுந்தது. கால்வாய்க்கு இந்தக் கரைவரை எங்கள் தொகுதி, அந்தக் கரை அடுத்த தொகுதி.

கோடு கிழித்தவர் வீட்டுக்குப் போய்விட்டார். வெயிலில் வீடு வீடாகப் போய்ப் பெயர் எழுத ஆள் வேண்டுமே, அதற்குத்தானே பள்ளிக்கூட வாத்தியார்கள் இருக்கிறோம்! நான் அப்போது ஒரு ஆரம்பப் பள்ளியில் மூன்றாம் வகுப்பு டீச்சர். ஒரு நீள நோட்டு, ஒரு பென்சில், கதவில் எண் போட ஒரு டப்பா கறுப்பு பெயிண்ட், ஒரு தேய்ந்த பிரஷ் கொடுத்து அனுப்பினார்கள்.

பெயர் எழுதுவது சின்ன வேலை என்றுதான் நினைத்தேன். ஆண்களெல்லாம் ஆபீசுக்குப் போன பிறகு போனால் வீட்டில் பெண்கள்தான் இருப்பார்கள். பெண்ணின் பெயருக்குப் பக்கத்தில் கணவர் பெயர் எழுத வேண்டும். எந்தப் புண்ணியவதி புருஷன் பெயரை வாயால் சொன்னாள்? முதல் வீட்டு மாமி, "ஐயோ, நான் எப்படிச் சொல்லுவேன்? பக்கத்தாத்துல கேட்டுக்கோங்கோ," என்றாள். பக்கத்து வீட்டுக்காரி, "அவாத்து மாமாவை நாங்க மாமான்னுதான் கூப்பிடறது," என்றாள். இன்னொரு வீட்டில் ஒரு அம்மாள் வாயே திறக்காமல் என்னைக் கேட்டுக்கு வெளியே கூட்டிவந்து பெயர்ப் பலகையைக் காட்டினாள். அதில் இரண்டு இனிஷியலும் ஒரு பட்டமும்தான் இருந்தன.

எல்லாவற்றையும் தூக்கிச் சாப்பிட்டது தெற்கத்திச் சீமையிலிருந்து வந்த ஒரு ஜவுளிக் கடைக்காரர் வீடு. அவருக்குத் தி. நகரில் கடை. வீட்டம்மாள் எனக்கு மோர் கொடுத்து, விசிறி கொடுத்து, உட்காரவைத்துவிட்டு, "அவுக பேர நான் எப்படி டீச்சர் சொல்ல? இந்தா, கடைப் பையில போட்டிருக்கு, பாத்து எழுதிக்கிடுங்க," என்று துணிப்பையை நீட்டினாள். எழுதிக்கொண்டேன். மூன்று வீடு தாண்டின பிறகுதான் பையில் இருந்தது மாமனார் பெயர் என்று தெரிந்தது. மருமகளை மாமனாருக்குக் கட்டிவைத்துவிட்டேன்! திரும்பி ஓடி அடித்து எழுதினேன். சிரிக்க எனக்கும் தகுதி இல்லை. எங்கள் வீட்டுக் கணக்கை எழுதும்போது என் கணவர் பெயரை நானும் உதடு அசையாமல்தான் எழுதினேன். கூடவே விதிப்படி மாமனார் பெயரையும் எழுதினேன். மயிலாப்பூரிலும் அது அப்படியே இருந்தது. அதாவது எங்கள் வீட்டில் ஒருத்தருக்கு இரண்டு பட்டியலில் பெயர்.

இப்படி ஒவ்வொரு வீட்டிலும் புருஷன் பெயரைக் கண்டுபிடித்துக் கண்டுபிடித்து, கடைசி நாள் கால்வாய்ப் பக்கம் வந்து சேரும்போது உச்சி வெயில். தெரு முடிந்து ஒரு சாக்கடை ஓடை. அதற்குக் குறுக்கே ஒரு பனந்துண்டு. அந்தப் பக்கம், ஓடைக்கும் கால்வாய்க்கும் நடுவில் ஒரு நீளத் திட்டு. அதில் வரிசையாகக் குடிசைகள். கதவே கிடையாது, சாக்குத் திரைதான். எண்ணை எதில் எழுதுவது?

நான் பனந்துண்டு அருகே போனேன். கொசுவத்தைத் தூக்கினேன். ஒரு காலை வைத்துப் பார்த்தேன், துண்டு உருண்டது போல் இருந்தது. கீழே கறுப்புத் தண்ணீர். காலை எடுத்துவிட்டேன்.

கால்வாய்வரை என்று நோட்டின் முதல் பக்கத்திலேயே எழுதியிருந்தது. குடிசைகள் கால்வாய்க்கு இந்தப் பக்கம்தான் என்று கண்ணால் பார்க்கிறேன். ஆனாலும் மனது இருக்கிறதே, அது வக்கீல் மாதிரி பேசியது. 'இதெல்லாம் அந்தத் தொகுதிக்காரர்கள் எழுதியிருப்பார்கள். நம் வீட்டுத் தயிர்க்காரம்மாகூட இங்கேதான் இருக்கிறாள் என்பார்கள். தயிர் பெருங்குடித் தயிர். அவள் ஓட்டும் பெருங்குடியில்தானே இருக்கும்?' தயிர் வரும் ஊரில்தான் தயிர்க்காரிக்கும் ஓட்டு என்று ஒரு டீச்சர் நினைத்தாள் என்றால் அவளிடம் படித்த குழந்தைகள் பாவம். திரும்பி நடந்தேன்.

தயிர்க்காரம்மாவுக்கு என்னைவிடப் பத்து வயது கூட இருக்கும். கட்டை குட்டையான உடம்பு, பெரிய குரல். விடியற்காலையில் பெருங்குடிக்குப் போய்ப் பாலும் தயிரும் வாங்கிக்கொண்டு, கூடையைத் தலையில் வைத்து எங்கள் தெருவெல்லாம் ஊற்றுவாள். அளந்து ஊற்றினபின் கொசுறாக ஒரு கரண்டி எப்போதும் உண்டு. எங்கள் வீட்டுக்கு அப்போது மூன்று வருடமாக ஊற்றிக்கொண்டிருந்தாள்.

மறுநாள் காலையில் கூடையை இறக்கியதும் கேட்டாள்.

"டீச்சரம்மா, ஊடு ஊடா போய் பேர் எய்திக்கினு இருந்தியாமே. எங்க பேரெல்லாம் எய்தினியா?"

நான் தலையைப் பின்னிக்கொண்டே, "எழுதியாச்சு, எழுதியாச்சு," என்றேன்.

"எம் பேரு?"

"உன் பேர் எனக்குத் தெரியாதா? எழுதியாச்சு, போ."

எனக்கு அவள் பெயர் தெரியாது. மூன்று வருடத்தில் ஒருநாள்கூடக் கேட்டதில்லை.

"அப்ப செரி," என்றாள். முகமெல்லாம் சந்தோஷம். "எங்க கரைக்கு ஒரு பைப்பு கேட்டுக்கினே கீறோம் டீச்சரம்மா. தண்ணிக்குப் பங்களா வாசல்ல போய் நிக்கணும், வாட்ச்மேன் தொறந்தா தண்ணி, இல்லாங்காட்டி இல்ல. கட்சி ஆளு இன்னா சொல்றான் தெரியுமா? லிஸ்ட்ல பேரே இல்லாத கரைக்கு பைப்பு எதுக்குன்றான். இப்ப வரட்டும், பேசிக்கிறேன்." கரண்டியை எடுத்து வழக்கமான கொசுறுக்கு மேல் இன்னொரு கொசுறு ஊற்றிவிட்டுப் போனாள்.

அந்தத் தயிரை நான் சாப்பிட்டேன். சாப்பிட்டேன் என்பதையும் எழுதத்தான் வேண்டும்.

அந்த வருடம் மூன்று மாத இடைவெளியில் இரண்டு தேர்தல். முதலில் பார்லிமெண்டுக்கு, அப்புறம் சட்டசபைக்கு. அதற்கு முந்தைய ஒன்றரை இரண்டு வருடம் எமர்ஜென்சியில் ஊரே வாயைப் பொத்திக்கொண்டு இருந்ததால், ஓட்டு என்றதும் எல்லோருக்கும் ஒரு துடிப்பு. ஆசிரியைகளைத் தூரத்துக்கு அனுப்ப வேண்டாமென்று பக்கத்துப் பள்ளிக்கூடத்துச் சாவடியிலேயே எனக்கு வேலை போட்டார்கள். விரலில் மை வைக்கும் வேலை.

முதல் தேர்தல் அன்று பத்து மணி வெயிலில் பெண்கள் வரிசையில் அந்தப் பெரிய குரல் கேட்டது. எட்டிப் பார்த்தேன். தயிர்க்காரம்மா. மஞ்சள் பூசிக் குளித்து, மடிப்புக் கலையாத ஒரு பச்சைப் புடவை. அவளுக்குப் பின்னால் கரையிலிருந்து பன்னிரண்டு, பதிமூன்று பெண்கள். எல்லோரும் தலைவாரிப் பூ வைத்துக்கொண்டு வந்திருந்தார்கள். எழுந்து போய்ச் சொல்லிவிடலாமா என்று நினைத்தேன். நினைத்ததோடு சரி. ஒன்றரை மணி நேரம் அவர்கள் நகர்ந்து நகர்ந்து வந்தார்கள், நான் விரல் விரலாக மை வைத்துக்கொண்டே இருந்தேன்.

அவள் முறை வந்தது. எனக்கு முன்னால் உட்கார்ந்திருந்த பட்டியல்காரர் பெயர் கேட்டார். அவள் சொன்னாள். அவர் தாளைப் புரட்டினார், இன்னொரு முறை புரட்டினார். "இல்லையேம்மா," என்றார்.

"நல்லா பாரு சார். எய்தினவங்களே தோ குந்திக்கினு கீறாங்க." என்னைக் காட்டினாள்.

அவர் என்னைப் பார்த்தார். நான் மைப் புட்டியைப் பார்த்தேன்.

"இல்லம்மா. உன் தெருவே இதில இல்ல. அடுத்தவங்க வாங்க."

பின்னால் நின்ற பெண்களில் ஒருத்தி, "இன்னாக்கா, அல்லார் பேரும் எய்திட்டாங்க, வாங்க வாங்கன்னு இஸ்துகினு வந்தே?" என்றாள். இன்னொருத்தி சிரித்தாள். அது நல்ல சிரிப்பு இல்லை. தயிர்க்காரம்மா அவர்கள் பக்கம் திரும்பி, "டீச்சரம்மா எய்திட்டாங்கடி. அச்சு போடறவன் வுட்டுட்டு இருப்பான்," என்றாள். எல்லோரையும் கூட்டிக்கொண்டு வந்த வழியே போனாள். என் வேலையைக் காப்பாற்றிக் கொடுத்துவிட்டு, தன் சொல்லைத் தொலைத்துக்கொண்டு போனாள்.

அடுத்த இரண்டு நாள் தயிர் வரவில்லை. மாமியார், "ஏண்டி, தயிர்க்காரி எங்கே போயிட்டா? ஆத்துல உறைக்குத்தக்கூட ஒரு சொட்டு இல்லே," என்று என்னைக் கேட்டார், ஏதோ நான் ஒளித்துவைத்த மாதிரி. மூன்றாம் நாள் பள்ளிக்கூடம் விட்டதும் நேரே கால்வாய்க்குப் போனேன். செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு பனந்துண்டில் காலை வைத்தேன். உருளவில்லை. உருளவே உருளாது, இரண்டு பக்கமும் கல் முட்டுக் கொடுத்திருந்தார்கள். நாலே எட்டு. இந்த நாலு எட்டுக்கா அத்தனை வக்கீல்தனம் செய்தேன் என்று என்மேலேயே கோபம் வந்தது.

அவள் குடிசைக்கு வெளியே தயிர்ப் பானையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்த்துவிட்டுத் தேய்ப்பதைத் தொடர்ந்தாள்.

"நான் எழுதலை," என்றேன். "பொய் சொல்லிட்டேன்."

"தெரியும்."

"என்ன தெரியும்?"

"நீ அன்னிக்கு அந்தாண்ட வந்து நின்னே. சேலைய தூக்கினே. ஒரு கால வெச்சே, எட்த்துட்டே. பூட்டே. நான் இங்கதான குந்திக்கினு பாத்துக்கினு இருந்தேன்."

"பின்னே ஏன் எல்லாரையும் கூட்டிண்டு வந்தே?"

பானையைக் கவிழ்த்து வைத்தாள். "மறாநாளு உன்னியே கேட்டேனே. எய்திட்டேன்னு சொன்னே. செரி, நம்ம பேரு தெரியும், ஊட்லியே குந்தி எய்திக்கிச்சு போலன்னு நெனைச்சேன். டீச்சரு பொய் சொல்லுமா?"

அழுதேன். வேறு என்ன செய்ய? அவள் ஆறுதல் ஒன்றும் சொல்லவில்லை. "அய்து முடிச்சிட்டியா? அப்ப இப்ப எய்து," என்று தயிர்க்கூடையைக் கவிழ்த்துப் போட்டாள். அதன்மேல் உட்கார்ந்தேன். அவள் ஒவ்வொரு குடிசையாகக் குரல் கொடுத்தாள். வந்தார்கள். அன்றைக்குச் சிரித்தவள் மட்டும், "இதுவாச்சும் நெஜமா?" என்று கேட்டுவிட்டுத்தான் பெயர் சொன்னாள். கேட்கட்டும், அவளுக்கு அந்த உரிமை உண்டு. இங்கேயும் புருஷன் பெயரை யாரும் சொல்லவில்லை. ஆனால் பங்களாத் தெருவைவிடச் சுலபம். ஒருத்தி புருஷன் பெயரை அடுத்தவள் உரக்கக் கத்தினாள்.

கடைசியில் தயிர்க்காரம்மா. "உன் பேர் என்ன?" என்று கேட்டேன். மூன்று வருடம் கழித்துக் கேட்டேன். அவள் என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டுச் சொன்னாள். எழுதினேன்.

"புருஷன் பேர்?"

"சொல்ல மாட்டேன்."

பக்கத்தில் இருந்தவர்கள் யாருக்கும் தெரியவில்லை. அவன் இவளை விட்டுவிட்டு எங்கேயோ ஓடி வருஷக்கணக்காகிறது. இந்தக் கரைக்கு அவன் வந்ததே இல்லை. எனக்கு இருக்கிற கோபத்தில், "ஓடிப்போனவன் பேரைச் சொன்னா என்ன குடி முழுகிடும்?" என்று கத்தினேன்.

"அவன் ஓடினா நான் இன்னா பண்றது? நான் இங்கதான கீறேன். சொல்ல மாட்டேன்னா மாட்டேன்."

இது என்ன பிடிவாதமோ! ஆனால் அவளை அதட்ட நான் யார்? "சரி, அப்பா பேர் சொல்லு."

"எங்க நைனா பேரா? அத்த நூறு தபா சொல்லுவேன்," என்று உரக்கச் சொன்னாள்.

அந்தப் பெயர்களை எல்லாம் விண்ணப்பங்களாக எழுதிக் கொண்டுபோனேன். தேர்தல் ஆபீசில் அவற்றை வாங்கிய குமாஸ்தா ஒவ்வொன்றாகப் பார்த்துவிட்டு அவளுடையதில் நிறுத்தினார். "கல்யாணமான பொம்பளைக்கு அப்பா பேர் போட்டா, ஆகாதவங்கன்னு அர்த்தம் ஆயிடும்மா."

"ஆகட்டும் சார். அவளுக்கே அந்தக் கவலை இல்லை, உங்களுக்கு என்ன?"

"அதிருக்கட்டும். இந்தக் கரை ஏன் முதல்ல விட்டுப்போச்சு? யார் எழுதினது?"

"நான்தான் எழுதினேன். நான்தான் விட்டேன்."

"எழுத்துல கொடுங்க," என்றார். கொடுத்தேன். கால்வாய்வரை போகவேண்டியவள் ஓடையோடு நின்றுவிட்டேன், தவறு என்னுடையது என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அதற்கு ஒரு மெமோ வந்தது. மாமனார் படித்துவிட்டு, "எனக்கு ரெண்டு இடத்துல எழுதி வெச்சிருக்கே, அவாளுக்கு ஒரு இடத்துல எழுதக் கை வரலியோ?" என்றார். ஒரு வாரம் எனக்கு அந்த மெமோவைவிட இந்தச் சொல்தான் உறுத்திக்கொண்டிருந்தது. இத்தனைக்கும் அவர் கோபமாகக்கூடச் சொல்லவில்லை.

தயிர் மறுபடி வர ஆரம்பித்தது. சரியான அளவு, சொட்டுக் குறைவில்லை. கொசுறு மட்டும் நின்றுபோயிற்று. அடுத்த வீட்டுக்கு ஊற்றும்போது பார்ப்பேன், அவர்களுக்குக் கரண்டி தாராளமாக விழும். மாமியார் ஒருநாள் வாய்விட்டே கேட்டார், "ஒரு கரண்டி கூட ஊத்தப்படாதோ?" அவள், "பாத்திரத்துல அவ்ளோதான்மா கீது," என்று பானையை மூடினாள். நான் பாத்திரத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போனேன்.

கத்திரி வெயில் முடிந்தும் முடியாத ஜூன் மாதத்தில் சட்டசபைத் தேர்தல். அதே பள்ளிக்கூடம், அதே பெஞ்சு, அதே மைப் புட்டி. துணைப் பட்டியல் வந்திருக்கிறது என்று கேள்விப்பட்டிருந்தேனே தவிர, கண்ணால் பார்க்கவில்லை. காலையிலிருந்து வரிசையைப் பார்த்தபடியே இருந்தேன். மத்தியானம்வரை கரையிலிருந்து ஒருத்தியும் வரவில்லை. ஒருதடவை சூடுபட்டவர்கள் ஏன் வரவேண்டும் என்று தோன்றியது. மூன்று மணிக்கு அந்தப் பச்சைப் புடவை தெரிந்தது. இந்த முறை தனியாக. மற்றவர்களை வெளியே வேப்பமரத்தடியில் நிறுத்திவிட்டு, தான் முதலில் பார்த்துவிட்டு வருவதாகச் சொல்லி வந்திருக்கிறாள். இன்னொரு தடவை அவர்கள் முன்னால் தலைகுனிய அவள் தயாராக இல்லை.

பெயர் சொன்னாள். பட்டியல்காரர் கடைசித் தாளைப் புரட்டி, விரலை வைத்துக் கீழே இறக்கி, நிறுத்தி, அவள் பெயரையும் அவள் அப்பா பெயரையும் அறை முழுக்கக் கேட்கும்படி வாசித்தார்.

அவள் உடனே நகரவில்லை. "இன்னோரு தபா படி சார்," என்றாள். அவர் சிடுசிடுத்துக்கொண்டே மறுபடி வாசித்தார். அவள் ஜன்னல் பக்கம் போய், "வாங்கடி!" என்று ஒரு கத்து கத்தினாள். போலீஸ்காரர் ஓடி வந்தார். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன.

பிறகு என் முன்னால் வந்து இடது கை விரலை நீட்டினாள்.

"அயுத்தி வெய்யி டீச்சரம்மா. நாளிக்கி நீயே வெக்கலன்னு சொல்லிடப் போறே."

அழுத்தித்தான் வைத்தேன், நகமும் தோலும் சேருகிற இடத்தில் நன்றாக ஊறும்படி.

பைப்பு ஒரு வருடம் கழித்து வந்தது, அதுவும் பனந்துண்டுக்கு இந்தப் பக்கம். அதற்கும் அவள் யாரிடமோ போய்ச் சண்டை போட்டாள் என்று கேள்வி. அது பிறகு. தேர்தல் முடிந்து தினம் தயிர் ஊற்றும்போது அந்த விரலைத்தான் நான் பார்ப்பேன். தோலில் இருந்த மை சீக்கிரம் போய்விட்டது. நகத்தில் இருந்தது போகவில்லை, நகம் வளர வளர மெல்ல மேலே ஏறிக்கொண்டிருந்தது. தீபாவளி சமயத்தில் ஒருநாள் பார்த்தேன், கறுப்பு வெட்டுப்பட்டு நகம் சுத்தமாக இருந்தது. அளவு ஊற்றி முடித்தாள். நான் வழக்கம்போலப் பாத்திரத்தை இழுத்தேன். "இரு," என்று என் கையைத் தட்டிவிட்டு இன்னொரு கரண்டி ஊற்றினாள்.